ஆறு ச, ஒரு ப: குவீனும் டேவிட் போவியும் சேர்ந்த ‘அண்டர் பிரஷர்’ பற்றிப் பேசலாம்

கேசட்காலம் (இழையைத் தொடங்கியவர்)

போன ஞாயிறு மகளோடு உட்கார்ந்து ‘ஆஃப்டர்சன்’ பார்த்தேன். 2022இல் வந்த படம், ஷார்லட் வெல்ஸ் இயக்கியது. ஓர் இளம் அப்பா தன் பதினொரு வயது மகளைக் கூட்டிக்கொண்டு துருக்கிக்கு விடுமுறைக்குப் போகிறார். பெரிதாக ஒன்றும் நடக்காது. முடியும் தறுவாயில் அப்பா ஆடத் தொடங்குவார், மகளையும் கையைப் பிடித்து இழுப்பார். பின்னால் ஓடுவது ‘அண்டர் பிரஷர்’, பிரிட்டிஷ் ராக் குழு குவீனும் பாடகர் டேவிட் போவியும் சேர்ந்து செய்த பாட்டு. போகப் போக வாத்தியங்கள் ஒவ்வொன்றாகக் கழன்றுகொள்ள, குவீனின் பாடகர் ஃபிரெடி மெர்க்குரியும் போவியும் வெறும் குரலாக நிற்பார்கள். நான் அங்கேயே உடைந்துவிட்டேன். மகள் என்னை வேடிக்கை பார்த்தாள்.

இந்தப் பாட்டு எனக்கு 1994இல் வந்து சேர்ந்தது. கல்லூரி விடுதியில் ஒரு சீனியர் அக்காவிடம் குவீனின் ‘கிரேட்டஸ்ட் ஹிட்ஸ்’ இரண்டாவது தொகுப்பு இருந்தது, நீல அட்டை கேசட். ஏ பக்கத்தில் இரண்டாவது பாட்டு. எத்தனையோ பேர் கை மாறி, மழைக்காலத்தில் ஜன்னலோரம் கிடந்து நாடா கொஞ்சம் இழுபட்டிருந்தது. அதனால் தொடக்கத்து பேஸ் கிட்டார் தண்ணீருக்குள் வாசிப்பது மாதிரி நெளியும். பத்து வருடம் கழித்துச் சுத்தமான பதிவைக் கேட்டபோது யாரோ என் பாட்டைச் சலவைக்குப் போட்டு எடுத்துவந்தது போலிருந்தது.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். படம் முடிந்ததும் மகள் கேட்டாள்: “இவங்க ரெண்டு பேரும் மேடையில சேர்ந்து இதைப் பாடின வீடியோ இருக்காம்மா?” தேடினோம். ஒன்றும் அகப்படவில்லை. உண்மையிலேயே இல்லையா, எனக்குத்தான் தேடத் தெரியவில்லையா?

---

பழையரேடியோ

இல்லை அக்கா. ஒரு தடவைகூடப் பாடியதில்லை.

1981 ஜூலையில் ஒரே இரவில் உருவாகி, அக்டோபரில் வெளியாகி, நவம்பரில் பிரிட்டனில் முதலிடத்துக்குப் போய் இரண்டு வாரம் உட்கார்ந்த பாட்டு. குவீனுக்கு அதுதான் இரண்டாவது முதலிடம். முந்தையது 1975இல் ‘பொஹீமியன் ராப்சொடி’. போவிக்கு மூன்றாவது. அமெரிக்காவில் 29ஆம் இடத்தோடு நின்றுவிட்டது. இத்தனைக்கும் பிறகு ஃபிரெடி இருந்த பத்து வருடத்தில் இரண்டு பேரும் ஒரு மேடையில் இதற்காக நிற்கவில்லை.

கொடுமை என்னவென்றால் 1985 ஜூலை 13, வெம்ப்ளி, ‘லைவ் எய்ட்’ நிதிக் கச்சேரி. குவீன் தங்கள் இருபது நிமிடத்தை ஆடி முடித்து இறங்கி ஒரு மணி நேரம் ஆவதற்குள் அதே மேடையில் போவி ஏறுகிறார். ஒரே நாள், ஒரே மேடை, ஒரே கூட்டம். அந்தப் பாட்டை இரண்டு தரப்பும் தொடவில்லை.

குவீன் மட்டும் தங்கள் கச்சேரிகளில் தவறாமல் பாடினார்கள். 1981 மான்ட்ரியால் கச்சேரியிலேயே இருக்கிறது. போவியின் பகுதியை ஃபிரெடியும் டிரம்ஸ் வாசித்துக்கொண்டே ராஜர் டெய்லரும் பங்கு போட்டுக்கொள்வார்கள். மகளுக்கு அதைக் காட்டுங்கள்.

---

தந்திநாலு

பாட்டின் வீடியோவிலேயே இருவரும் கிடையாதே! டேவிட் மாலெட் எடுத்தது. எடுத்தது என்பதைவிட ஒட்டியது எனலாம். நெரிசல் ரயிலில் ஆட்களைத் திணிக்கிறார்கள், கட்டடங்கள் சரிகின்றன, நடுவே ‘நோஸ்ஃபெராட்டு’, ‘பேட்டில்ஷிப் பொட்டெம்கின்’ மாதிரி மௌனப்படத் துண்டுகள், முத்தக் காட்சிகள். பாடகர்கள் ஊரில் இல்லாததால் கிடைத்த பழைய படச்சுருளை வெட்டி ஒட்டியிருக்கிறார்கள்.

எனக்கு இந்தப் பாட்டு என்றால் குவீனில் பேஸ் வாசித்த ஜான் டீக்கன்தான். நான் பேஸ் வாசிப்பவன், அதனால் ஒருதலைப்பட்சம் என்று முன்னாடியே ஒப்புக்கொள்கிறேன்.

---

மந்திரபஞ்சமம்

இந்தப் பாட்டைக் கர்நாடக சங்கீதக் காதோடு கேட்கும் யாராவது இருக்கிறீர்களா என்று தேடிக்கொண்டிருந்தேன். அந்த பேஸ் வரியை ஸ்வரப்படுத்திப் பாருங்கள்:

ச ச ச – சச ச ப

அவ்வளவுதான். ஆறு ஷட்ஜம், கடைசியில் கீழே இறங்கி ஒரு பஞ்சமம், அதன்பின் ஒரு சின்ன இடைவெளி. இது மெட்டு என்று சொல்லக்கூட முடியாது. தம்புராவில் நான்கு தந்தியையும் மீட்டினால் வருவது பஞ்சமமும் ஷட்ஜமும் மட்டும்தானே? அதே இரண்டு ஸ்வரம். தம்புராவைத் தாளத்தில் உட்காரவைத்தால் ‘அண்டர் பிரஷர்’ வரும்.

மேலே யார் என்ன பாடினாலும் பொருந்துவதற்குக் காரணம் இதுதான் என்று எனக்குத் தோன்றும். ஃபிரெடி கத்தலாம், போவி முணுமுணுக்கலாம். கீழே சுருதி அசையாது.

---

தந்திநாலு

அடேங்கப்பா. இருபது வருஷமாக வாசிக்கிறேன், தம்புரா என்று ஒரு நாளும் தோன்றியதில்லை. ஸ்டூடியோவில் கேட்பவர்களிடம் இனிமேல் இதைத்தான் சொல்லப்போகிறேன், உங்கள் பெயரைச் சொல்லாமல் :)

---

சந்தேகராசா

எல்லாரும் உருகுவதற்கு முன் ஒரு எதிர்க்குரல். இது பாதியில் விட்ட பாட்டு. சரணம், பல்லவி என்று ஒழுங்கான அமைப்பு கிடையாது. ஃபிரெடி பாதி நேரம் வார்த்தையே இல்லாமல் ‘பா பா’ என்று ஓட்டுகிறார். வரிகளை எழுதிப் படித்தால் உலகம் பயமாக இருக்கிறது, அன்பு காட்டுவோம் என்பதற்கு மேல் ஒன்றும் தேறாது. குவீனின் கிட்டாரிஸ்ட் பிரையன் மேயே இதன் கலவை (மிக்ஸிங்) தனக்குத் திருப்தி தரவில்லை என்று பல பேட்டிகளில் சொல்லியிருக்கிறார்.

1982இல் ‘ஹாட் ஸ்பேஸ்’ ஆல்பத்தின் கடைசியில் இதைச் சேர்த்தார்கள். அந்த ஆல்பத்தில் மிச்சப் பாட்டுகளைக் கேட்ட களைப்பில் எதுவும் தேவகானமாகத்தான் கேட்கும். மீதி எல்லாம் பழைய நினைப்பு. கேசட்காலம் அவர்கள் அழுதது பாட்டுக்காக இல்லை, விடுதிக்காக.

---

கேசட்காலம்

விடுதிச் சாப்பாட்டுக்காக அழுதிருந்தால் நியாயம். இதற்கு வேறு காரணம் இருக்கிறது ராசா.

ஆனால் நீங்கள் சொல்வதில் ஒன்று சரி. என் மகளுக்கு விடுதியும் இல்லை, கேசட்டும் இல்லை. அவளும் அந்தக் கடைசிப் பகுதியில், போவி அன்பைப் பற்றிப் பாடிக்கொண்டே மேலே மேலே ஏறும் இடத்தில், போனைக் கீழே வைத்துவிட்டாள். அது எந்தப் பழைய நினைப்பு?

---

ஒலிமேசை

பாதியில் விட்ட பாட்டு என்று ராசா குற்றமாகச் சொன்னதுதான் இதன் உயிர் என்பது என் கட்சி. நான் பதிவுக்கூடத்தில் வேலை செய்பவன். விளம்பரப் பாட்டு, பக்திப் பாட்டு, கல்யாண ஆல்பம், எது வந்தாலும் செய்வேன். அந்தக் கண்ணோட்டத்தில் கொஞ்சம் நீளமாக எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

இடம் சுவிட்சர்லாந்தில் ஜெனீவா ஏரிக்கரையில் உள்ள மான்ட்ரூ. அங்கே சூதாட்ட விடுதிக் கட்டடத்துக்குள் ‘மவுன்டன் ஸ்டூடியோஸ்’. 1971இல் தீப்பிடித்து எரிந்து, டீப் பர்ப்பிள் குழு ஏரி மேல் புகை பரவியதைப் பாட்டாக்கியதே, அதே விடுதியை மறுபடி கட்டிய கட்டடம். 1979இல் ஸ்டூடியோவையே குவீன் விலைக்கு வாங்கிவிட்டார்கள். போவி அப்போது சுவிட்சர்லாந்துவாசி. ‘கூல் கேட்’ என்ற பாட்டுக்குப் பின்குரல் கொடுக்கத்தான் வந்தார். கொடுத்தார், பிறகு தனக்குப் பிடிக்கவில்லை, எடுத்துவிடுங்கள் என்று கேட்டு எடுக்கவும் வைத்தார். வந்த வேலை வெளியே வரவில்லை. பொழுதுபோக்காக எல்லாரும் சேர்ந்து பழைய பாட்டுகளை வாசித்துக்கொண்டிருந்ததில், நாமே ஒன்று செய்தால் என்ன என்று கிளம்பியது முதலிடம் பிடித்தது. ‘ஃபீல் லைக்’ என்று ராஜர் டெய்லர் கையில் வைத்திருந்த ஒரு பாட்டின் சாயலும் இதில் உண்டு.

மெட்டு யாரிடமும் இல்லை. பின்னணி வாத்தியத்தை ஓரளவு கட்டிவிட்டார்கள், அதன் மேல் என்ன பாடுவது? அப்போது போவி ஒரு யோசனை சொன்னார். ஒவ்வொருவராகப் பாடும் அறைக்குள் போக வேண்டும். முன்னால் போனவர் என்ன பாடினார் என்பதைக் கேட்கக் கூடாது. மனத்தில் தோன்றுவதை, வார்த்தை இல்லாவிட்டாலும் பாடிவிட்டு வர வேண்டும். பிறகு எல்லாவற்றிலிருந்தும் நல்ல துண்டுகளை எடுத்து ஒட்ட வேண்டும். ஃபிரெடியின் ‘பா பா’ அப்படி உள்ளே போனபோது வாயில் வந்தது. பிற்பாடு வார்த்தை போட்டு மூடியிருக்கலாம். மூடவில்லை. வீட்டுச் சுவரில் பூசாமல் விட்ட செங்கல் மாதிரி அப்படியே விட்டுவிட்டார்கள்.

இதைப் படித்த பிறகு பாட்டைக் கேளுங்கள். ஒருவர் பேச்சுக்கு இன்னொருவர் பதில் சொல்வது போலவே இருக்காது. பக்கத்து அறையில் ஒருவர் வேறொன்றை நினைத்துப் புலம்புகிறார், இந்த அறையில் இவர் புலம்புகிறார், சுவர் மெல்லியது. கடைசியில் மட்டும் இருவரும் ஒரே பொருளுக்கு வந்து சேர்கிறார்கள். அப்போது ஏற்படும் நிம்மதி இருக்கிறதே, அதற்குத்தான் அந்தச் சிறுமி போனைக் கீழே வைத்தாள்.

இப்போது எங்கள் தொழிலில் எல்லா டூயட்டும் தனித்தனி அறையில்தான். சொல்லப்போனால் தனித்தனி ஊரில். பாடகி காலையில் ஒரு ஊரிலிருந்து அனுப்புவார், பாடகர் இரவு இன்னொரு ஊரிலிருந்து. ஆனால் இரண்டாமவர் முதலாமவருடையதை முழுக்கக் கேட்டுவிட்டுத்தான் பாடுவார், நானும் ஓட்டுப் போட்ட இடம் தெரியாமல் இழைத்துவிடுவேன். அதற்குத்தான் எனக்குக் கூலி. அன்றைக்கு அவர்கள் செய்தது நேர்மாறு. ஒரே கட்டடத்தில் இருந்துகொண்டு கேட்காமல் பாடினார்கள், ஓட்டையும் மறைக்கவில்லை.

---

மந்திரபஞ்சமம்

ஒரு சின்னச் சேர்க்கை. குரலை மட்டும் தனியாகப் பிரித்த பதிவு இணையத்தில் சுற்றுகிறது, கேட்டிருப்பீர்கள். நடுவே எல்லாம் அடங்கி, ஃபிரெடி உச்ச ஸ்தாயிக்கு ஏறும் இடம். நம் பாட்டு வாத்தியார்கள் கள்ளக்குரல் என்று திட்டுவார்களே, அந்தக் குரலில் தொடங்கி ஒட்டுத் தெரியாமல் நெஞ்சுக்குரலுக்கு வந்துவிடுகிறார். அதையும் ஒட்டி இழைத்தீர்களா என்று ஒலிமேசையைக் கேட்க வேண்டும்.

---

ஒலிமேசை

அதை இழைக்க என் மேசையில் உளி கிடையாது. அது தொண்டை.

---

நைன்ட்டீஸ்பையன்

யாரும் திட்டக்கூடாது. நான் இந்த டிங் டிங் டிங்கை முதலில் கேட்டது வெனிலா ஐஸ் என்ற ராப் பாடகரின் பாட்டில். மாமா வீட்டு டிவியில் மியூசிக் சேனல் வந்த புதிது. பிறகு ஒரு கடையில் குவீன் பாட்டு ஓடியபோது, “பாரு, வெனிலா ஐஸைக் காப்பி அடிச்சிருக்கானுங்க” என்று நண்பனிடம் அடித்துச் சொன்னேன். அவன் இன்று வரை சொல்லிக்காட்டுகிறான்.

---

பழையரேடியோ

தம்பி, நீ மட்டும் இல்லை, அந்தத் தலைமுறையே அப்படித்தான்.

தெரியாதவர்களுக்கு: 1990இல் வந்த ‘ஐஸ் ஐஸ் பேபி’ அந்த பேஸ் வரியை அப்படியே எடுத்து ஓடவிட்டது, அனுமதி இல்லை, பெயரும் போடவில்லை. அமெரிக்க பில்போர்டு பட்டியலில் முதலிடம் பிடித்த முதல் ஹிப்ஹாப் பாட்டு அதுதான். மூலப் பாட்டு 29இல் நின்ற அதே ஊரில்! கேட்டதற்கு வெனிலா ஐஸ், என்னுடையதில் நடுவே ஒரு தட்டு கூடுதலாக இருக்கிறது, ஆகவே வேறு மெட்டு என்று வாயாலேயே இரண்டையும் வாசித்துக் காட்டினார். அந்தப் பேட்டியைப் பார்த்துவிட்டுச் சிரிக்காமல் இருக்க முடியாது. பின்னர் குவீனும் போவியும் பாட்டின் ஆசிரியர் பட்டியலில் சேர்க்கப்பட்டார்கள்.

---

மந்திரபஞ்சமம்

ஆறு ஷட்ஜத்துக்கு நடுவே இன்னொரு ஷட்ஜம் வைத்தால் வேறு ராகம் ஆகிவிடுமா? அந்தப் பேட்டியை என் குருவுக்குப் போட்டுக் காட்ட வேண்டும்.

---

சந்தேகராசா

திருட்டுக்கு எதிராக இத்தனை பேர் கொதிக்கிறீர்களே, முதலில் அந்த வரி யாருடையது? டீக்கன்தான் என்கிறார் தந்திநாலு. டீக்கனே ஒரு ஜப்பான் பத்திரிகைக்குக் கொடுத்த பேட்டியில் அது போவி போட்டது என்று சொல்லியிருக்கிறார். அப்புறம்?

---

தந்திநாலு

வந்தீர்களா, வாருங்கள். இந்த வழக்கை நான் வருடக்கணக்காக நடத்துகிறேன்.

ஆம், டீக்கன் அப்படிச் சொன்னார். ஆனால் போவி என்ன சொன்னார் தெரியுமா? நான் சேர்வதற்கு முன்பே அந்த வரி இருந்தது என்றார். டீக்கன் போவி பக்கம் கை காட்டுகிறார், போவி அந்தப் பக்கம் கை காட்டுகிறார். உரிமைக்குச் சண்டை போடுகிற உலகத்தில் இரண்டு பேர் ‘எனக்கு வேண்டாம்’ என்று தள்ளிவிடும் சொத்து இது ஒன்றுதான் இருக்கும்.

மேயும் டெய்லரும் டீக்கன் கட்சி. அதிலும் கதை இரண்டு. டீக்கன் ஸ்டூடியோவில் இந்த வரியைத் திரும்பத் திரும்ப வாசித்துக்கொண்டிருந்தார், நடுவே எல்லாரும் சாப்பிடப் போனார்கள். பீட்சா. திரும்பி வந்து கிட்டாரை எடுத்தால் டீக்கனுக்கு மறந்துபோயிற்று. ஆறு ச, ஒரு ப, அதை! டெய்லர் சொல்வது, நான்தான் ஞாபகப்படுத்தினேன். மே சொல்வது, டீக்கன் வாசிக்கத் தொடங்கினார், போவி ‘அப்படி இல்லை’ என்று அவருடைய தந்தி பிடித்த கையிலேயே கையை வைத்து நிறுத்தினார். டீக்கன் அப்படித்தான் என்கிறார், போவி இல்லை என்கிறார், அந்தக் கணம் கொஞ்சம் சூடாகிவிட்டது.

என் தீர்ப்பு: போட்டது டீக்கன், சாப்பாட்டுக்குப் பிறகு திருத்தியது போவி. நாம் கேட்பது திருத்திய வடிவம். முதலில் என்ன வாசித்தார் என்பதைப் பீட்சா விழுங்கிவிட்டது. ராசா இதை ஏற்காவிட்டால் மேல்முறையீடு செய்யலாம்.

---

சந்தேகராசா

மேல்முறையீடு இல்லை. செலவுத் தொகை மட்டும் அவரவர் ஏற்கட்டும்.

---

இழைக்காவலர் (நெறியாளர்)

நேற்றிரவு டீக்கனா போவியா என்று பதினாலு பதில்கள் ஓடின, அவற்றில் ஆறு தனிப்பட்ட வசவு. நீக்கிவிட்டேன். பாட்டைப் பற்றி மட்டும் பேசுங்கள்.

---

பழையரேடியோ

சரி, மேடை விஷயத்துக்குத் திரும்புகிறேன், முழுதாகச் சொல்லி முடிக்கவில்லை.

ஃபிரெடி 1991 நவம்பர் 24 இறந்தார். 1992 ஏப்ரல் 20 வெம்ப்ளியில் அஞ்சலிக் கச்சேரி. அங்கேதான் போவி முதல் தடவையாக இந்தப் பாட்டைக் குவீனோடு மேடையில் பாடினார். பக்கத்தில் பாடகி ஆனி லெனாக்ஸ், கண்ணைச் சுற்றி மை அப்பிக்கொண்டு, ஃபிரெடியின் பகுதியைப் பாடினார். பின்னால் டீக்கன், எப்போதும் போல் ஓரமாக. அந்தக் கச்சேரியிலேயே போவி பிறகு முழந்தாளிட்டு ஜெபம் சொன்னார். ராக் கச்சேரியில் அத்தனை ஆயிரம் பேர் முன்னால் அப்படி ஒன்றை யாரும் எதிர்பார்க்கவில்லை.

அப்புறம் 1995 முதல் தன் சொந்தக் கச்சேரிகளிலும் பாடத் தொடங்கினார். அவருடைய குழுவில் பேஸ் வாசித்தவர் கெயில் ஆன் டோர்ஸி. டீக்கனின் வரியை விரலால் வாசித்துக்கொண்டே ஃபிரெடியின் பகுதியைத் தொண்டையால் பாடுவார். இரண்டு ஆட்களின் வேலையை ஒருத்தர். தந்திநாலு, இதை நீங்கள் முயன்றிருக்கிறீர்களா?

---

தந்திநாலு

முயன்றேன். வாய் ‘பா’ என்றால் கையும் ‘பா’ என்று போகிறது. விட்டுவிட்டேன். அந்த அம்மாவுக்குக் கோயில் கட்ட வேண்டும்.

---

கேசட்காலம்

1999இல் இந்தப் பாட்டையே மறுபடி கலந்து ‘ரா மிக்ஸ்’ என்று ஒன்று வந்ததே, அதன் வீடியோவில் ஃபிரெடியும் போவியும் ஒரே மேடையில் இருப்பது போலக் காட்டுவார்கள். மகள் அதைப் பார்த்துவிட்டு, “அப்ப பாடியிருக்காங்களே, நீங்க இல்லைன்னீங்க” என்று துள்ளினாள். பிறகு பொறுமையாகப் பார்க்கச் சொன்னேன். ஃபிரெடி நிற்பது 80களின் கச்சேரி, போவி நிற்பது 1992 அஞ்சலி. ஒருவர் போனதற்காக இன்னொருவர் பாடும்போது எடுத்த படத்தை வெட்டி, போனவருக்குப் பக்கத்திலேயே ஒட்டியிருக்கிறார்கள். அவள் கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம், “இதுக்கு அந்த ரயில் வீடியோவே பரவாயில்லை” என்றாள்.

எனக்கும் அப்படித்தான். ஒலிமேசை சொன்ன ஓட்டு இருக்கிறதே, அதை இங்கே மறைக்கப் பார்த்ததால்தான் உறுத்துகிறது போலும்.

---

நைன்ட்டீஸ்பையன்

ஃபிரெடி நம்ம ஊரில் படித்தவர் என்று எங்கள் ஆபீசில் ஒருவர் அடிக்கடி சொல்வார். உண்மையா, வாட்ஸாப் கதையா?

---

பழையரேடியோ

உண்மைதான். ஆனால் ‘நம்ம ஊர்’ என்று சென்னைக்கு இழுக்காதே. 1946இல் சான்சிபாரில் பார்சிக் குடும்பத்தில் பிறந்தவர், இயற்பெயர் ஃபரோக் புல்சாரா. எட்டு வயதில் மகாராஷ்டிராவில் பாஞ்ச்கனி மலையில் உள்ள விடுதிப் பள்ளிக்கு அனுப்பிவிட்டார்கள். பியானோ கற்றது, ‘ஹெக்டிக்ஸ்’ என்று பள்ளிக் குழு சேர்த்தது எல்லாம் அங்கேதான். 1964இல் சான்சிபார் புரட்சிக்குப் பிறகு குடும்பம் இங்கிலாந்து போய்விட்டது.

எட்டு வயதில் கப்பலேற்றி விடுதியில் விடப்பட்ட பிள்ளை. கேசட்காலம் அக்கா விடுதியில் இந்தப் பாட்டுக்கு உருகியதற்கு இதுகூட ஒரு காரணமோ என்னவோ. சும்மா சொன்னேன், அடிக்க வராதீர்கள்.

---

ஒலிமேசை

ராசா சொன்ன கலவை விஷயத்தை யாரும் தொடவில்லை, நான் தொடுகிறேன். அவர் சொன்னது சரி. இறுதிக் கலவை நியூயார்க்கில் நடந்தது. மே அங்கே இல்லை. போவியும் ஃபிரெடியும் அதில் ஒத்துப்போகவில்லை என்பது எல்லாரும் அறிந்தது. மான்ட்ரூவில் வாசித்தபோது கிட்டார் கனமாக இருந்தது, வெளியே வந்ததில் அது அமுங்கிப்போயிற்று என்பது மேயின் ஆதங்கம்.

கிட்டாரிஸ்டாக அவருக்கு வருத்தம் இருக்கும்தான். ஆனால் அந்த அமுக்கத்தால்தான் தொடக்கத்து பேஸும் சொடக்கும் பியானோவின் சின்ன மணியோசையும் காதுக்கு வருகின்றன. வீடு நிறையச் சாமான் வைக்காமல் விட்ட கூடம். நானாக இருந்தால் கிட்டாரை ஏற்றித்தான் இருப்பேன், மேயும் சந்தோஷப்பட்டிருப்பார், ‘ஆஃப்டர்சன்’ படத்துக்கு வேறு பாட்டு தேடியிருப்பார்கள்.

கேசட்காலம் அக்கா, உங்கள் மகள் பாடுவாளா? ஒரு சோதனை செய்து பார்க்கலாம் என்று தோன்றுகிறது. நீங்கள் ஒரு அறை, அவள் ஒரு அறை. காதில் தாளம் மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். ஒருவர் பாடுவதை இன்னொருவர் கேட்கக் கூடாது. வார்த்தை வேண்டாம், வாய்க்கு வந்தது போதும். ஒரு நிமிடம். எனக்கு அனுப்புங்கள், ஒட்டித் தருகிறேன். கூலி வேண்டாம்.

---

கேசட்காலம்

அவள் பாட மாட்டாள், வீணை படிக்கிறாள். ஆனால் உங்கள் பதிவைக் காட்டியதும் வீணையைத் தூக்கிக்கொண்டு உள் அறைக்குப் போய்விட்டாள். நாளைக்கு அனுப்புகிறோம்.

---

மந்திரபஞ்சமம்

வீணையா! அப்படியானால் அவளிடம் ஒன்று சொல்லுங்கள். இடது கைக்கு வேலையே இல்லை. மந்திரத் தந்தியை வெறுமனே ஆறு தடவை மீட்டினால் ஷட்ஜம். கடைசிக்கு அனுமந்திரத் தந்தியை ஒரு தடவை. அது பஞ்சமம். இரண்டும் வெறும் தந்தி. டீக்கனுக்கு இந்த வசதி தெரிந்திருந்தால் பீட்சாவுக்குப் பிறகு மறந்திருக்க மாட்டார்.

---

தந்திநாலு

மூலப் பாட்டின் சுருதி 2 கட்டை. வீணை அதற்கு மேலேதான் இருக்கும். பரவாயில்லை, சுருதி பார்த்து அழாதீர்கள், ஆனால் ப-வுக்குப் பிறகு வரும் இடைவெளியை மட்டும் நிரப்ப வேண்டாம் என்று சொல்லுங்கள். அங்கே கை சும்மா இருக்க வேண்டும். நாற்பத்து மூன்று வயதில் நான் இன்னும் அதற்குத்தான் பயிற்சி செய்கிறேன்.

---

கேசட்காலம்

அனுப்பிவிட்டோம். அவள் உள் அறை, நான் சமையலறை. அந்த நேரத்தில் வேறு இடம் கிடைக்கவில்லை. நான் என்ன முணுமுணுத்தேன் என்று எனக்கே ஞாபகமில்லை. நடுவில் குக்கர் விசில் அடித்துவிட்டது, மன்னிக்கவும். மறுபடி எடுக்கலாம் என்றேன், இவள் விடவில்லை.

---

ஒலிமேசை

ஒட்டியாயிற்று, கோப்பைத் தனிச்செய்தியில் அனுப்பியிருக்கிறேன். மகள் ஏழாவது சுற்றில் ஒரு ச கூடுதலாக வாசித்திருக்கிறாள், வெனிலா ஐஸ் வழக்கில் சாட்சி சொல்லப் போகலாம். நீங்கள் பாதியில் வேறு ஏதோ பழைய பாட்டுக்குத் தாவியிருக்கிறீர்கள், அதையும் விட்டுவைத்தேன்.

விசில் மிகச் சரியாக ப-வுக்குப் பிறகு வருகிறது. எடுக்கவில்லை.

---

சந்தேகராசா

எனக்கும் அந்தக் கோப்பை அனுப்புங்களேன்.